கண்மாய்க்குள் நின்றுபோன வெள்ளிக்கிழமை

அரைக்காணிப்பட்டிக்காரர்களைப் பற்றிப் பேசினால் எனக்கு வாய் வலிக்கும். பேசாமல் இருந்தால் வயிறு வலிக்கும். வாய்வலியே பரவாயில்லை என்று பேசுகிறேன்.

அந்த ஊர்க் கண்மாய் வற்றிக் கிடந்த ஒரு கோடையில், அதன் நடுவே காலம் நின்றுபோனது. கண்மாய் முழுக்க இல்லை. ஒரு மாட்டுவண்டி திரும்பும் அளவு இடம். அதற்கு மேலே பறந்த காக்கை அந்தரத்திலேயே நின்றது. ஒரு நாய் காலைத் தூக்கியது. தூக்கியதுதான், இறக்கவில்லை.

ஆடு மேய்க்கும் சீனியம்மாளின் வெள்ளாடு ஒன்றும் உள்ளே போய் அப்படியே நின்றுவிட்டது. குழை பறிக்கிற தொரட்டிக் கம்பை அவள் வெளியே இருந்தபடியே நீட்டினாள். கழுத்துக் கயிற்றில் கொக்கியை மாட்டி இழுத்தாள். வாயில் இருந்த இலையை மென்றுகொண்டே ஆடு வெளியே வந்தது. அந்த ஊரில் புத்தியோடு நடந்த காரியம் அது ஒன்றுதான். அதனால் யாரும் அதைக் கவனிக்கவில்லை.

சேதி கேட்டு டவுனிலிருந்து ஓர் ஆபீசர் வந்தார். பார்த்ததும் அவருக்கு வியர்த்துவிட்டது.

"உள்ள காலை வச்சா உறைஞ்சிருவீங்க. ஆபத்து இருக்கிற இடத்துல ஒரு போர்டு நட்டு வையுங்க" என்று சொல்லிவிட்டு, வந்த ஜீப்பிலேயே ஓடிப்போனார்.

ஊர் கூடியது. நாட்டாமை முத்திருளாண்டி தொண்டையைச் செருமினார்.

"போர்டை எங்க நடச் சொன்னாரு?"

"ஆபத்து இருக்கிற இடத்துல" என்றான் மாடக்கண்ணு. நாட்டாமை எதைக் கேட்டாலும் பதில் சொல்வது அவன் வேலை.

"ஆபத்து எங்க இருக்கு?"

"உள்ள."

"அப்ப உள்ளதான் நடணும். வெளிய நட்டா ஆபீசர் பேச்சை மீறுன மாதிரி ஆயிரும்."

போர்டு எழுத ஆள் இருந்தது. ஊரிலேயே எழுதப் படிக்கத் தெரிந்த ஒரே ஆளான செவத்தையா எழுதினார். சிவப்பு மையா, பச்சை மையா என்ற சண்டையில் வெள்ளிக்கிழமை காலை வீணாய்ப் போய், ராகு காலம் தொடங்கிவிட்டது. அதை யாரும் பார்க்கவில்லை. சீனியம்மாளின் புருஷன் கொம்பையாவுக்குத் தோள் அகலம் என்பதால் போர்டை அவனிடம் கொடுத்தார்கள். அவன் தூக்கிக்கொண்டு உள்ளே போனான். ஒரு கால் தரையிலும் ஒரு கால் அந்தரத்திலுமாக நின்றான். போர்டின் எழுத்து அந்தப் பக்கம் பார்த்து இருந்தது.

"என்ன எழுதியிருக்குன்னு தெரியலையே" என்று கவலைப்பட்டார் நாட்டாமை.

"இருங்க, படிச்சுட்டு வந்து சொல்றேன்" என்று செவத்தையா உள்ளே போனார். எழுதியதே அவர்தான். இன்னும் வந்து சொல்லவில்லை.

இந்த ஜென்மங்களைப் படைத்த அன்றைக்குச் சாமிக்கு என்ன அவசரமோ.

நிறைமாத வயிற்றோடு சீனியம்மாள் தொரட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள். நாட்டாமை கையை விரித்து மறித்தார்.

"நில்லு தாயி. அவன் உள்ள போனப்ப ராகு காலம். உள்ளதான் நேரம் நகராதே, அப்ப அங்க இன்னும் ராகு காலம்தான். ராகு காலத்துல ஒரு ஆளை இழுக்கலாமா?"

"ஆட்டை இழுத்தேனே மாமா!"

"ஆட்டுக்கு ஏது ராகு காலம்?"

கூட்டம் ஆகா என்றது. உள்ளே ராகு காலம் முடிந்த பிறகுதான் இழுக்க வேண்டும், மீறினால் ஊர்க் கிணற்றில் தண்ணீர் கிடையாது என்று தீர்ப்பானது. தொரட்டியைப் பிடுங்கி நாட்டாமை வீட்டுப் பரணில் போட்டார்கள். மாடக்கண்ணு தினமும் கண்மாய்க்குப் போய், "கொம்பையா, முடிஞ்சிருச்சா?" என்று கேட்டு வந்தான்.

"முடிஞ்சிருந்தா அவனே சொல்லியிருப்பான்" என்றார் நாட்டாமை.

சீனியம்மாளுக்குப் பெண் பிறந்தது, நடந்தது, சமைந்தது. சீனியம்மாளின் தலை பஞ்சாய் நரைத்தது. மகளுக்கு வெளியூரில் மாப்பிள்ளை அமைந்தான். கல்யாணத்தன்று காலை, வீட்டு வாசலில் போட்ட பந்தலைப் பார்த்ததும் சீனியம்மாளுக்கு அழுகை முட்டியது.

"தாரை வார்க்க வேண்டிய அப்பன் குத்துக்கல்லாட்டம் அங்க நிக்கிறான். இவ இங்க அப்பன் இல்லாத பிள்ளையா மணையில உக்காரணுமா?"

அழுகை கோபமாக மாறியது. நேரே நாட்டாமை வீட்டுப் பரணில் ஏறித் தொரட்டியை எடுத்தாள். கண்மாய்க்குப் போய்க் கொம்பையாவின் அரைஞாண் கயிற்றில் கொக்கியை மாட்டி ஒரே இழுப்பு. வெளியே வந்து விழுந்தவன் மண்ணைத் தட்டிக்கொண்டு எழுந்து அவளைப் பார்த்தான்.

"வாங்க அத்தே! ஊர்லேர்ந்து எப்ப வந்தீங்க?"

"நாந்தான்யா சீனியம்மா!"

"கேலி பண்ணாதீங்க. காலையில கஞ்சி ஊத்துனப்ப அவளுக்கு முடி கருகருன்னு இருந்துச்சே."

"இன்னிக்கு நம்ம மகளுக்குக் கல்யாணம். வாய்யா."

"இன்னும் பொறக்கவே இல்லை, அதுக்குள்ள கல்யாணமா?" என்று கொம்பையா சிரித்தான்.

அதற்குள் நாட்டாமை மூச்சிரைக்க ஓடி வந்தார். பின்னாலேயே ஊரும் வந்தது.

"அடேய், ராகு காலம் முடியறதுக்கு முன்னால எப்படிடா வெளிய வந்த?"

"இன்னும் முடியலையா?"

"எங்களுக்கு முடிஞ்சிருச்சு. உனக்கு முடியல."

கொம்பையாவின் முகம் வெளுத்தது. "மருமகன் மேல உங்களுக்கு அப்படி என்ன கோபம் அத்தே?" என்று கேட்டுவிட்டு, விறுவிறுவென்று உள்ளே போய், அதே காலைத் தூக்கிக்கொண்டு நின்றான். ஊர் கைதட்டியது.

"பொறுப்பான ஆளு" என்றார் நாட்டாமை. "அப்பன் பந்தலுக்கு வர முடியாதுன்னா பந்தல் அப்பன்கிட்டப் போகட்டும்."

"அங்க ராகு காலமாச்சே?" என்றான் மாடக்கண்ணு.

"பந்தலை நட்டுட்டு உள்ளயே காத்திருப்போம். முடிஞ்ச உடனே தாலி கட்டிரலாம். காத்திருக்கறது ஒரு காரியமாடா? அதுக்கு எதுக்கு ராகு காலம் பாக்கணும்?"

பந்தலைப் பிடுங்கினார்கள். நாட்டாமை ஒரு பந்தல்காலைத் தோளில் வைத்தார், மாடக்கண்ணு ஒரு காலை. நாதஸ்வரம் முன்னே ஊதிக்கொண்டு போனது. ஊரே பின்னால் நடந்தது. ஊதிக்கொண்டிருந்த நாதஸ்வரம் பாதியில் நின்றது.

அப்புறம் கண்மாயில் ஒரு சத்தமும் இல்லை. மாப்பிள்ளை வீட்டார் இன்னும் வந்து சேரவில்லை, கல்யாணப்பெண் வீட்டில் சடை பின்னிக்கொண்டிருந்தாள், பிழைத்தார்கள்.

சீனியம்மாள் சுற்றுமுற்றும் பார்த்தாள். மறிக்க ஆள் இல்லை. மறுபடியும் தொரட்டியை நீட்டிப் புருஷனை இழுத்தாள்.

"ராகு காலம் முடிஞ்சிருச்சா அத்தே?"

"இப்பத்தான் முடிஞ்சுது."

கொம்பையா திரும்பிப் பார்த்தான். தோளில் பந்தல்காலும் திறந்த வாயுமாக நாட்டாமை நின்றார்.

"அவரையும் இழுத்து விடலாமே?"

"அவரு இப்பத்தானே போனாரு? அவருக்கு இன்னும் முடியல."

அது நியாயமாகத்தான் பட்டது கொம்பையாவுக்கு. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டைப் பார்த்து நடந்தான். கொஞ்ச தூரம் போய், பின்தங்கிவிட்டவளுக்காக நின்றான்.

"வெரசா வாங்க அத்தே. சீனியம்மா நிறைமாசக்காரி. தனியா இருந்தா பயந்துக்குவா."