பத்து நாற்பது மணி

கணக்குத் தெரிந்தவர்கள் கொஞ்சம் பக்கத்தில் வந்து உட்காருங்கள். பெரிய கணக்கு இல்லை. விரல் விட்டு நாலு வரை எண்ணத் தெரிந்தால் போதும். அதுகூடத் தெரியாமல் ஒரு மைதானமே முழித்த கதை இது.

தெற்கே ஒரு மாவட்டம். அங்கே பெண்கள் ஆயிரத்து ஐந்நூறு மீட்டர் ஓட்டம் என்றால் ஏட்டு பூங்கோதைதான். ஒன்பது வருஷம், ஒன்பது கோப்பை. கல்யாணமானது, ஓடினாள். பிள்ளை பெற்றாள், அடுத்த வருஷமே ஓடினாள். ஒரு காலத்தில் அவளோடு ஓடித் தோற்றவர்கள் இப்போது பிள்ளைகளைக் கூட்டிவந்து, "அந்தா பாரு, அவங்கதான்" என்று காட்டினார்கள்.

அவளுக்கு ஒரு பழக்கம் உண்டு. கடைசிச் சுற்றுக்கு மணி அடித்ததும் கழுத்தில் ஆடும் தாலிச் சங்கிலியைத் தூக்கிப் பல்லில் கடித்துக்கொள்வாள். அப்புறம் அவளைப் பிடிக்க முடியாது. அதற்கு முன்னால் ஒருநாளும் கடித்ததில்லை. கடித்துக்கொண்டு ஒரு சுற்றுக்கு மேல் ஓடினால் மூச்சு முட்டும் என்று அவளே சொல்லியிருக்கிறாள்.

பத்தாவது வருஷம் அவளுக்கு வயது முப்பத்துமூன்று. இன்ஸ்பெக்டர் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார். "ஏட்டம்மா, மாவட்டமோ மாநிலமோ, என்னைக்குக் கோப்பை இல்லாம வாறீங்களோ, மறுநாளே பஸ் ஸ்டாண்டு முக்குல டிராபிக் டூட்டி." விளையாட்டுக் குழுவில் இருந்தால் தினம் பால், முட்டை, காலைக் காற்று. முக்கில் நின்றால் புகை, வெயில், சொன்ன பேச்சுக் கேட்காத ஷேர் ஆட்டோ.

போட்டி ஒரு பள்ளிக்கூட மைதானத்தில், சனிக்கிழமை நடந்தது. மொத்தம் மூன்றே முக்கால் சுற்று. கடைசிச் சுற்றுக்கு, வேப்பமரத்தில் தொங்கும் தண்டவாளத் துண்டை அடிப்பார்கள். பள்ளிக்கூட மணியும் அதே துண்டுதான். நடுவர் கிரேஸ்மணி டீச்சர் மைக்கில் சொன்னார்: "மணி அடிச்சா கடைசி ரவுண்டு. மொத ரெண்டு பேரு மாநிலப் போட்டிக்குப் போகலாம். கோப்பை ஒருத்திக்குத்தான்."

ஓடினார்கள். இன்னும் இரண்டு சுற்று பாக்கி இருக்கும்போது பியூன் அய்யம்பெருமாள் கடிகாரத்தைப் பார்த்தார். பத்து நாற்பது. இருபத்திரண்டு வருஷமாகப் பத்து நாற்பதுக்கு இடைவேளை மணி அடித்த கை அது. இன்று பள்ளிக்கு விடுமுறை என்பது அவருக்குத் தெரியும், கைக்குத் தெரியவில்லை. எழுந்து போய் அடித்துவிட்டார்.

முன்னால் ஓடிய கல்லூரிப் பெண் ஜெசிந்தா மணியைக் கேட்டதும் பறந்தாள். மூன்று பேர் அவள் பின்னால் பறந்தார்கள். பூங்கோதையின் சங்கிலி பல்லுக்குப் போனது. அவளுக்குப் பின்னால் வந்தவள் முத்துப்பேச்சி, ஆசிரியர் பயிற்சி படிக்கிறவள், சுற்றுக்கு ஒரு விரல் மடக்கிக்கொண்டே ஓடுகிறவள். அவள் தொண்டை கிழியக் கத்தினாள்: "ஏய், நம்பாதீங்க! இன்னும் ரெண்டு ரவுண்டு கெடக்கு!"

தூரத்தில் போய்விட்ட ஜெசிந்தாவுக்குக் கேட்கவில்லை. பூங்கோதையின் வேகம் தணிந்தது, சங்கிலி கழுத்துக்குத் திரும்பியது.

மணியை நம்பியவர்களில் நாடா பிடித்த இரண்டு வாத்தியார்களும் உண்டு. ஜெசிந்தா நெஞ்சால் நாடாவை அறுத்துக்கொண்டு போய் மல்லாந்தாள். மற்ற மூவரும் அவள் மேலேயே விழுந்தார்கள். யாரோ சோடா உடைத்தார்கள். அப்போதுதான் டிரில் மாஸ்டர் ஓடிவந்து நிஜமான மணியை அடித்தார். பூங்கோதையின் சங்கிலி மறுபடி பல்லுக்குப் போனது. அவளும் முத்துப்பேச்சியும், கிடந்தவர்களைச் சுற்றிக்கொண்டு போய்க் கடைசிச் சுற்றை ஓடி முடித்தார்கள். பூங்கோதை முதலில் வந்தாள். கை நீட்டினால் தொடும் தூரத்தில் முத்துப்பேச்சி இருமிக்கொண்டே வந்தாள்.

ஜெசிந்தா, பூங்கோதை, முத்துப்பேச்சி மூன்று பேரும் டீச்சரைச் சூழ்ந்துகொண்டார்கள்.

"மணி அடிச்சா கடைசி ரவுண்டுன்னு மைக்ல சொன்னது நீங்கதான டீச்சர்? நாடா புடிச்சாங்க, நான் அறுத்தேன்" என்றாள் ஜெசிந்தா.

"நான் மொதல்ல இருந்தே எண்ணிக்கிட்டுத்தான் ஓடுனேன். இந்தப் புள்ள கத்தியிருக்கவே வேண்டாம்" என்றாள் பூங்கோதை.

கத்தியதில் முத்துப்பேச்சியின் குரல் கம்மியிருந்தது. "கத்துன மூச்சைக் காலுக்குக் குடுத்திருந்தா நான்தான் டீச்சர் மொத ஆளு. நான் கத்தலேன்னா இந்த அக்காவும் அங்கதான் படுத்துக் கெடப்பாங்க."

டீச்சர் கையில் ஒரே ஒரு கோப்பை. நீங்களே சொல்லுங்கள். அது யாருக்குப் போக வேண்டும்? மூவரில் பொய் சொன்னது யார்?

விடை: கோப்பை பூங்கோதைக்குத்தான். மணி சேதி சொல்லுமே தவிர மைதானத்தைச் சுருக்காது. ஜெசிந்தா ஓடியது ஒரு சுற்று குறைவாக, ஆயிரத்து நூறு மீட்டர். முத்துப்பேச்சியை நினைத்தால் மனசு கேட்கவில்லை, எனக்கும்தான். ஆனாலும் முழுத் தூரத்தையும் ஓடிக் கோட்டை முதலில் தாண்டியது பூங்கோதையின் கால். பொய் சொன்னதும் அவள்தான். எண்ணிக்கொண்டு ஓடியவள் முதல் மணிக்கே சங்கிலியைக் கடிப்பாளா? கோப்பையைக் கொடுக்கும்போது டீச்சர் இதை அவள் காதோடு கேட்டார். பூங்கோதை கோப்பையை வாங்கிக்கொண்டு வேகமாக நகர்ந்தாள். இரண்டு மாதம் கழித்து மாநிலப் போட்டி. மணி அடித்தது. பூங்கோதை சங்கிலியைத் தூக்கினாள், சந்தேகம் வந்துவிட்டது. பக்கத்தில் ஓடிய முத்துப்பேச்சியிடம், "ஏட்டி, இது நெச மணிதானா?" என்றாள். "நெசந்தான்க்கா" என்ற பதில் இரண்டு எட்டு முன்னாலிருந்து வந்தது. இப்போது பஸ் ஸ்டாண்டு முக்குக்குப் போனால் பூங்கோதையைப் பார்க்கலாம். சங்கிலி கழுத்தில் இருக்கிறது. பல்லில் விசில்.