சிறைவாசலை மிதித்தவன்

முன்னொரு காலத்தில், மதியத் தூக்கம் கெட்டால் புதுச் சட்டம் போட்டுவிடும் அரசன் ஒருவன் இருந்தான். பண மோசடி வழக்கில் தங்களைப் பிடிக்கப்போகிறார்கள், அதற்கு முன்பே காப்பாற்ற வேண்டும் என்று வணிகர்கள் சிலர் வந்து அழுததில் ஒருநாள் அவன் தூக்கம் போயிற்று. உடனே முரசறையச் சொன்னான்: "சிறைவாசலை மிதிக்காத எவனும் விடுதலை கேட்டு என் வாசலை மிதிக்கக் கூடாது."

அந்தச் சட்டம் கடைசியில் அவை விகடகவி செவ்வந்தியப்பன் கழுத்துக்கே வந்தது.

ஏரி மதகு கட்ட ஊராரிடம் பணம் திரட்டும் பொறுப்பை அரசன் அவனுக்குக் கொடுத்திருந்தான். திரட்டியதை எல்லாம் அவன் கருவூலத் தலைவர் அனந்தராயரிடம் சேர்த்து, முத்திரை போட்ட சீட்டும் வாங்கி வைத்திருந்தான். அரசன் தம் பேச்சுக்குக் கொட்டாவி விட்டு இவன் பேச்சுக்குச் சிரிக்கிறானே என்று அனந்தராயருக்கு நெடுநாள் எரிச்சல். பாதிப் பணத்தை விழுங்கிவிட்டு, விகடகவி தரவே இல்லை என்று கணக்கெழுதி, அவனைப் பிடித்து வர ஆளும் ஏவினார்.

அரண்மனை நாவிதர் சவரம் செய்துகொண்டே இதைச் செவ்வந்தியப்பனிடம் சொன்னார். ஊரையே சிரிக்கவைப்பவனுக்கு ஒரு வேடிக்கையும் தோன்றவில்லை. உள்ளே போட்டால் வழக்கு எடுக்க ஆறு மாதம் ஆகும். அதற்குள் சீட்டுகளைப் பிடுங்கி எரித்துவிடுவார்கள். அரசனிடம் ஓடலாம் என்றால் சட்டம் மறிக்கிறது. அதை வாய்க்குள் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தான். மூன்றாம் முறை சொல்லும்போது நிறுத்தினான். பாதிச் சவரத்தோடு எழுந்து, சீட்டுகளை இடுப்பில் செருகிக்கொண்டு, நேரே சிறைச்சாலைக்கு நடந்தான்.

சிறைக்காவலன் வல்லாளன் அவனை ஏற இறங்கப் பார்த்தான். "உத்தரவு இல்லாம யாரையும் உள்ள விடமுடியாது சாமி. வீட்டுக்குப் போங்க."

"போறேன் அண்ணே. நான் வந்ததையும் நீங்க அனுப்பிச்சதையும் ஓர் ஓலையில எழுதிக் குடுங்க."

தொல்லை விட்டால் போதும் என்று வல்லாளன் எழுதிக் கொடுத்தான்.

செவ்வந்தியப்பன் அவைக்குள் நுழைந்ததும் அனந்தராயர் எழுந்து சட்டத்தை நினைவூட்டினார். அவன் ஓலையை நீட்டினான். அரசனே வாசித்தான்: "செவ்வந்தியப்பன் சிறைவாசலுக்கு வந்தான். வைத்திருக்க முகாந்திரம் இல்லாததால் வெளியே அனுப்பினேன்."

"இவன் இன்னும் பிடிபடவே இல்லை, மன்னா" என்றார் அனந்தராயர்.

"சட்டத்தில் பிடிபடுவது பற்றி ஒரு சொல்லும் இல்லை, மன்னா. மிதிக்கச் சொன்னீர்கள், மிதித்துவிட்டு வந்திருக்கிறேன். கணக்கைப் பார்த்து முடிக்கும்வரை என்னைப் பிடிக்க வேண்டாம் என்றுதான் கேட்கிறேன். கூப்பிட்டபோதெல்லாம் வருவேன். ஊர் எல்லை தாண்டமாட்டேன்."

அரசனின் மீசை லேசாகத் துடித்தது. செவ்வந்தியப்பன் ஓடிவிடாமல் இருக்க யார் பிணை நிற்பது என்று கேட்டான்.

"அனந்தராயர்தான். என்னைப் பிடித்து வர ஏற்கெனவே ஆள் ஏவியிருக்கிறார். என்மேல் இவ்வளவு கண்ணாக இருப்பவர் நாட்டில் வேறு யார்?"

அவை முழுவதும் சிரித்தது. அனந்தராயர் மறுக்க வாய் திறப்பதற்குள் அரசன் சரி என்று சொல்லிவிட்டான். செவ்வந்தியப்பனுக்கு அப்போதுதான் மூச்சு ஒழுங்காக வந்தது.

மூன்று நாள் அவன் கணக்கர்களோடு உட்கார்ந்து, சீட்டு ஒவ்வொன்றையும் ஏட்டோடு ஒப்பிட்டுக் காட்டினான். முத்திரை அனந்தராயருடையது, கையெழுத்தும் அவருடையது. விழுங்கிய பணம் அவர் வீட்டு நெற்குதிருக்குள் கிடைத்தது. பிணை நின்றவரே சிறைக்குப் போனார்.

அன்று அரசன் கண்ணில் நீர் வரச் சிரித்தான். பொன்முடிப்பு ஒன்றைக் கொடுத்து, சட்டத்தையும் மாற்றினான். பிடிபடுவோம் என்று அஞ்சுகிறவர்கள் இனி முன்பே வந்து முறையிடலாம், மதியம் மட்டும் வரக் கூடாது.

செவ்வந்தியப்பன் வீட்டுக்குப் போய் வயிறாரச் சாப்பிட்டான். பிறகு வாசற்கதவை அகலத் திறந்து போட்டுவிட்டு, நடுக்கூடத்தில் கால் நீட்டிப் படுத்து, தெருவுக்கே கேட்கும்படி குறட்டை விட்டான்.