முள்ளம்பன்றி தூக்கிப் போட்ட வண்டு

கல்லாற்றங்காட்டில் ஒரு நூலகம் இருந்தது. அதை ஒரு முள்ளம்பன்றி நடத்தி வந்தது. அதன் பெயர் ஈட்டியப்பன். அங்கே புத்தகம் தொள்ளாயிரம். ஈட்டியப்பனின் முதுகில் முள் அதைவிட அதிகம். கர்வம் எல்லாவற்றையும்விட அதிகம்!

அக்கம்பக்கத்துக் காடுகளிலும் நூலகங்கள் இருந்தன. அவை தங்களுக்குள் ஓர் ஏற்பாடு செய்துகொண்டிருந்தன. ஒரு காட்டில் ஒரு புத்தகத்தைப் பார்த்துச் சீட்டு எழுதிவிட்டால் போதும். புத்தகத்தின் பெயர், எழுதியவர் பெயர், எதைப் பற்றியது, முதல் வரி, எத்தனை பக்கம், எந்தெந்தக் காட்டில் பிரதி இருக்கிறது, எல்லாம் அந்தச் சீட்டில் இருக்கும். அதற்கு ஓர் எண்ணும் உண்டு. எந்தக் காட்டுக்குப் போனாலும் அந்தப் புத்தகத்துக்கு அதே எண்தான். சீட்டைப் படியெடுத்துப் புறா எல்லாக் காடுகளுக்கும் கொண்டுபோய்க் கொடுக்கும். ஒருவர் செய்த வேலையை மற்றவர் மறுபடி செய்ய வேண்டியதில்லை.

கல்லாற்றங்காட்டில் மட்டும் இந்தக் கதை நடக்காது.

"இந்த மாசத்துச் சீட்டு வந்திருக்கு அண்ணே!" என்று புறா ஒரு சீட்டுக் கட்டை நீட்டும்.

"அடுத்தவங்க எழுதின சீட்டு எனக்கு எதுக்கு? என் புத்தகத்தை நானே பார்ப்பேன். என் முள்ளால நானே எழுதுவேன்!" என்று ஈட்டியப்பன் சிலிர்த்துக்கொள்ளும்.

"சரி, நீங்க எழுதினதையாவது குடுங்க. மத்த காட்டுக்குக் கொண்டு போறேன்."

"ராப்பகலா முதுகு ஒடிய எழுதினதை ஊருக்கெல்லாம் தூக்கிக் குடுக்கணுமா? போ, போ!"

புறா கட்டை அங்கேயே வைத்துவிட்டுப் பறந்துவிடும். ஈட்டியப்பன் அதை எடுத்துக் கூரை ஒழுகும் இடத்தில் செருகிவிடும்.

சும்மா சொல்லக் கூடாது, ஈட்டியப்பன் சோம்பேறி இல்லை. தினமும் தூசி தட்டும். கரையான் அண்ட விடாது. ஒவ்வொரு புத்தகத்துக்கும் சீட்டும் எழுதும். அந்தச் சீட்டுகள்தான் வேடிக்கை! "சிவப்புப் புத்தகம். மழையில் நனைந்தது" என்று ஒன்று. "ஒல்லி. அணில் கடித்தது" என்று ஒன்று. "மேல்தட்டிலிருந்து விழுந்து என் மூக்கில் பட்டது" என்று இன்னொன்று. பெயரும் இல்லை, எழுதியவரும் இல்லை. யாராவது கேட்டால், "அதெல்லாம் புத்தகத்துக்குள்ளேயே இருக்கே, சீட்டுல எதுக்கு?" என்று அது திருப்பிக் கேட்கும்.

ஒருநாள் காலை பொன்னலகன் என்ற இருவாச்சிப் பறவை மூச்சிரைக்க வந்து இறங்கியது.

"அண்ணே! மரத்தைத் துளைக்கிற வண்டைப் பத்திப் புத்தகம் ஏதாவது இருக்கா?"

"ஏன், என்ன ஆச்சு?"

"நாங்க குடியிருக்கிற மருத மரத்துல ஓட்டை ஓட்டையா இருக்கு. ஏதோ ஒரு வண்டு திரியுது, தினமும் மரத்தூள் கொட்டுது. காத்தடிச்சா மரம் முனகுது. என் வேணி உள்ள இருக்கா அண்ணே!"

இருவாச்சிகளின் வழக்கம் காட்டுக்கே தெரியும். முட்டையிடும் காலத்தில் பெண் பறவை மரப்பொந்துக்குள் போய் வாசலை மண்ணால் பூசி அடைத்துக்கொள்ளும். அலகு நுழையும் அளவுக்குத்தான் இடைவெளி இருக்கும். ஆண் பறவை அதன் வழியே பழம் ஊட்டும். உள்ளே இருக்கும்போது பெண் பறவையின் சிறகெல்லாம் உதிர்ந்துவிடும். மறுபடி முளைக்கும்வரை பறக்க முடியாது. வேணியுடன் இப்போது ஒரு குஞ்சும் இருந்தது. மரம் சாய்ந்தால் இரண்டும் பிழைக்காது.

ஈட்டியப்பன் சீட்டுப் பெட்டியை இழுத்தது. ஒவ்வொரு சீட்டாகத் தள்ளியது. பச்சை, மஞ்சள், கனம், கறை, கிழிசல்... மரம் என்றும் இல்லை, வண்டு என்றும் இல்லை.

"கிடையாது! என் சீட்டுல இல்லேன்னா இந்த நூலகத்துலயே இல்லை!"

பொன்னலகன் முகம் வாடித் திரும்பியது. மரத்துக்குப் போய்ப் பொந்தின் இடைவெளியில் அலகை வைத்து விஷயத்தைச் சொன்னது.

"பேசாம எல்லா ஓட்டையையும் மண்ணு வெச்சுப் பூசிடறேன். பூசறதுல நம்மை மிஞ்ச ஆளு ஏது?"

"அவசரப்படாதீங்க!" என்று உள்ளிருந்து வேணி அதட்டியது. "என்ன வண்டுன்னே தெரியாம எதையாவது செஞ்சு வெக்காதீங்க. சோலைமலைக்குப் போய்க் கேளுங்க. நாலு அத்திப்பழம் மட்டும் குடுத்துட்டுப் போங்க, நான் சமாளிச்சுக்கறேன்."

சோலைமலைக் காடு அரை நாள் பறக்கும் தூரம். அங்கே நூலகத்தைப் பார்த்துக்கொண்டது ஒரு பெண் தேவாங்கு. பெயர் மருதாயி. அதன் கண்கள் பெரிசு. அது மெதுவாகத்தான் எதையும் செய்யும். ஆனால் ஒரு தடவை செய்தால் சரியாகச் செய்யும்.

பொன்னலகன் சொன்னதை முழுக்கக் கேட்டுவிட்டு, அது 'மரநோய்' என்று எழுதிய இழுப்பறையைத் திறந்து ஒரு சீட்டை உருவியது.

"இதோ இருக்கு தம்பி. 'மரம் துளைக்கும் வண்டுகள்'. எண் இரண்டாயிரத்து நானூற்றுப் பதினேழு. எங்க மலையில இருந்த குக்குறுவான் எழுதினது. மரத்துல பொந்து போடுற பறவையாச்சே, மரத்தைப் பத்தி அவருக்குத் தெரியாததா!"

"புத்தகத்தைக் குடுங்கம்மா!"

"எங்க பிரதியைப் போன வருஷ வெள்ளம் அடிச்சிட்டுப் போயிடுச்சு. அவரு மொத்தம் மூணு பிரதிதான் எழுதினாரு. ஒண்ணு கடலோரக் காட்டுல இருக்கு. போய்வர பத்து நாளாகும்."

"பத்து நாளா! அதுவரைக்கும் வேணிக்கு யாரு ஊட்டுவாங்க?"

"இருப்பா, இன்னும் முடிக்கலை. மூணாவது பிரதியை எந்தக் காட்டுக்குக் குடுத்தாருன்னு அவருகிட்டயே கேட்டு எழுதியிருக்கேன்." தேவாங்கு சீட்டைத் திருப்பியது. "கல்லாற்றங்காடு."

பொன்னலகன் சீட்டை எட்டிப் பார்த்தது. "அது எங்க காடும்மா!"

"அப்போ வீட்டுலயே வெச்சுக்கிட்டா இங்க வந்து தேடறே? இந்தா, சீட்டோட படி. பத்திரமா கொண்டு போ."

மறுநாள் விடிந்ததும் வேணிக்குப் பழம் ஊட்டிவிட்டு, பொன்னலகன் நேராக நூலகத்துக்குப் போய்ச் சீட்டை ஈட்டியப்பன் முன்னால் வைத்தது.

முள்ளம்பன்றிக்கு வந்ததே கோபம்! "என் நூலகத்துல என்ன இருக்குன்னு சோலைமலைத் தேவாங்கு எனக்குச் சொல்லுதா? பதினைஞ்சு வருஷமா இங்க இருக்கேன்! இல்லைன்னா இல்லைதான்!"

"அண்ணே, நீங்க பெரியவரா அவங்க பெரியவங்களான்னு தீர்ப்பு சொல்ல நான் வரலை. மரத்துக்குள்ள என் பொண்டாட்டி இருக்கா. அவளுக்குச் சிறகு இல்லை. குஞ்சுக்குக் கண்ணு இப்போதான் திறந்திருக்கு. நேத்து ராத்திரி ஒரு பெரிய கிளை முறிஞ்சு விழுந்துச்சு. அடுத்தது எதுன்னு எனக்குத் தெரியலை!" என்று பொன்னலகன் சீட்டை இன்னும் முன்னால் தள்ளியது.

ஈட்டியப்பனின் முதுகில் நின்ற முட்கள் ஒவ்வொன்றாகப் படுத்தன. அது தன் சீட்டுப் பெட்டியைத் தள்ளி வைத்தது. பிறகு கேட்டது: "அந்தச் சீட்டுல முதல் வரி என்ன போட்டிருக்கு?"

"'மரம் சத்தம் போட்டு அழாது, தூளைக் கொட்டித்தான் அழும்.'"

"சரி. தொள்ளாயிரத்தையும் திறந்து பார்த்துடுவோம்!"

செய்தி பரவியது. குரங்குகள் வந்தன. அணில்கள் வந்தன. கேளையாடு என்னும் சிறு மானும் வந்தது. ஆளுக்கொரு தட்டாகப் பிரித்துக்கொண்டு முதல் வரியை உரக்கப் படித்தன. நூலகம் சந்தைக்கடை ஆனது.

"ஐயோ, இது நெல்லிக்காய் பாதுகாக்கிற புத்தகமாச்சே!" என்று ஓர் அணில் கத்தியது. "போன வருஷம் கேட்டேன், இல்லைன்னீங்களே!"

"எங்கிட்டயும் அதே புத்தகம் இருக்கு!" என்றது ஒரு குரங்கு. "இங்க இன்னொண்ணு!" என்றது கேளையாடு. ஒரே புத்தகத்துக்கு மூன்று சீட்டு: 'சிவப்பு', 'நனைந்தது', 'ஒல்லி'. குரங்குகள் விழுந்து விழுந்து சிரித்தன. ஈட்டியப்பனுக்கு எங்காவது வளையில் போய் ஒளிந்துகொள்ளலாம் போல இருந்தது. ஆனால் போகவில்லை. தலையைக் குனிந்துகொண்டு அடுத்த புத்தகத்தைத் திறந்தது.

உச்சி வெயில் நேரத்தில் அதன் கையிலேயே அந்தப் புத்தகம் அகப்பட்டது. "மரம் சத்தம் போட்டு அழாது..." படித்ததும் துள்ளிக் குதித்தது. "கிடைச்சிடுச்சு!"

எல்லோரும் ஓடிவந்தார்கள். பொன்னலகன் பரபரவென்று பக்கங்களைத் தள்ளியது. நாற்பதாம் பக்கத்தில் இப்படி எழுதியிருந்தது:

"மரத்தில் நீங்கள் பார்த்த வண்டு இந்தப் பக்கத்தில் நான் ஒட்டி வைத்திருக்கும் வண்டைப் போல இருந்தால், ஓட்டையை அடைக்கவே கூடாது. அடைத்தால் புழு உள்பக்கம் திரும்பி மரத்தின் நடுவைத் தின்றுவிடும். தோண்டித்தான் எடுக்க வேண்டும். வேறு வண்டாக இருந்தால் தோண்டக் கூடாது. மண்ணால் அடைத்தாலே புழு செத்துவிடும்."

பக்கத்தில் வண்டு இல்லை. பசை காய்ந்த தடம் மட்டும் இருந்தது.

"வண்டு எங்கே?" என்று பொன்னலகன் அலறியது.

ஈட்டியப்பன் அந்தப் புத்தகத்துக்குத் தான் எழுதிய சீட்டைத் தேடி எடுத்தது. அதைப் படித்துக் காட்டியது: "'பழுப்புப் புத்தகம். உள்ளே செத்த வண்டு ஒன்று ஒட்டிக்கொண்டிருந்தது. தூக்கிப் போட்டேன். இப்போது சுத்தம்.'"

யாரும் சிரிக்கவில்லை. அடைப்பதா, தோண்டுவதா? மாற்றிச் செய்தால் மரம் போய்விடும். முள்ளம்பன்றி அப்படியே உட்கார்ந்து அழுதுவிட்டது. "நான்தான் கெடுத்தேன்! கையில இருந்ததைக் குப்பைன்னு நினைச்சுட்டேன்!"

"அழுகையை அப்புறம் வெச்சுக்கலாம் அண்ணே," என்றது கேளையாடு. "தேவாங்கு குடுத்த சீட்டை முழுசாப் படிச்சீங்களா?"

முதல் வரியைக் கண்டதுமே எல்லோரும் தேடக் கிளம்பிவிட்டார்கள். கீழே என்ன இருக்கிறது என்று யாரும் பார்க்கவில்லை. ஈட்டியப்பன் கண்ணைத் துடைத்துக்கொண்டு சீட்டைத் தூக்கிப் பிடித்தது.

"'பக்கம் நூற்று எட்டு. படங்கள் இல்லை. நாற்பதாம் பக்கத்தில் உண்மையான வண்டு ஒன்று ஒட்டப்பட்டுள்ளது: கறுப்பு உடல், முதுகில் இரண்டு மஞ்சள் புள்ளிகள், உடலைவிட நீளமான மீசை.'"

"அதேதான்!" பொன்னலகன் இறக்கையைப் படபடவென்று அடித்தது. "ரெண்டு மஞ்சள் புள்ளி! என் கண்ணால பார்த்தேன்! நல்லவேளை, வேணி பேச்சைக் கேட்டு மண்ணு பூசாம விட்டேன்!"

மரங்கொத்திகளுக்கு ஆள் போனது. நான்கு மரங்கொத்திகள் வந்தன. மூன்று நாள் இடைவிடாமல் கொத்தி, ஓட்டைகளிலிருந்து கொழுத்த புழுக்களை இழுத்துப் போட்டன. சாப்பாட்டுக்குச் சாப்பாடும் ஆயிற்று! நான்காம் நாள் மரத்தூள் கொட்டுவது நின்றது. காற்றடித்தபோது மருத மரம் அசையாமல் நின்றது. பொந்துக்குள் வேணி குஞ்சை அணைத்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்கியது.

ஈட்டியப்பன் கூரையில் செருகியிருந்த கட்டுகளை எல்லாம் இறக்கி வெயிலில் காயவைத்தது. புத்தகத்தையும் சீட்டையும் ஒப்பிட்டு எண்களை எழுதிக்கொண்டே போனது. பதினைந்து வருஷ வேலை ஒரே மழைக்காலத்தில் முடிந்துவிட்டது! பெரும்பாலான புத்தகங்களுக்கு ஏற்கெனவே யாரோ சீட்டு எழுதியிருந்தார்கள். கடைசியில், வேறெந்தக் காட்டிலும் இல்லாத புத்தகங்களாகப் பதினொன்று மிஞ்சின. அந்தப் பதினொன்றுக்கும் அது தன் முள்ளாலேயே சீட்டு எழுதியது. பெயர், எழுதியவர், முதல் வரி என்று ஒன்றும் விடவில்லை. உள்ளே இருந்த ஒரு காய்ந்த இலையைக்கூடக் குறித்து வைத்தது. எல்லாவற்றையும் புறாவிடம் கொடுத்தது.

"எல்லாக் காட்டுக்கும் குடுத்துடு!" என்றது. புறாவுக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை.

ஆறு மாதம் கழித்துப் புறா கடலோரக் காட்டிலிருந்து ஒரு கடிதம் கொண்டுவந்தது. அதை எழுதியது ஓர் ஆமை.

"மணலில் இடும் முட்டை கெடாமல் காப்பதைப் பற்றி ஒரு புத்தகத்தை மூன்று வருஷமாகத் தேடினேன். அப்படி ஒன்றே இல்லை என்று எல்லோரும் சொல்லிவிட்டார்கள். உங்கள் சீட்டைப் பார்த்துத்தான் அது உங்களிடம் இருப்பது தெரிந்தது. நாரை மூலமாக வரவழைத்துப் படித்தேன். இந்த வருஷம் என் குஞ்சுகள் கடலைப் பார்த்துவிட்டன. சீட்டு எழுதியவர் யாரோ, அவர் நன்றாக இருக்கட்டும்."

ஈட்டியப்பன் அந்தக் கடிதத்தை இரண்டு தடவை படித்தது.

"என்ன அண்ணே, அழறீங்களா?" என்று புறா கேட்டது.

"நான் பார்க்காத காடு, நான் பார்க்காத ஆமை! என் எழுத்து அங்க போய் வேலை செஞ்சிருக்கு பாரு!" என்று சொல்லிச் சிரித்தது ஈட்டியப்பன். "அடுத்த கட்டு எங்கே? எடு சீக்கிரம்!"

தனக்கு மட்டும் புரியும்படி பூட்டி வைத்த அறிவு தனக்கே உதவாமல் போகும். பிறரும் கண்டுபிடிக்கும்படி எழுதித் தாராளமாகப் பகிர்ந்த அறிவே எல்லோரையும் காக்கும்.