பக்கத்துக் கட்டில்

தையல் டீச்சராக ஓய்வு பெற்று, அறுபத்து மூன்று வயதில் சினிமாவில் கூட்டத்தோடு நிற்க வந்தவள் வேதநாயகி. அன்று ஆஸ்பத்திரிக் காட்சி. கதாநாயகன் தாயின் கட்டிலருகே அழ வேண்டும். பக்கத்துக் கட்டில் நோயாளியாக அவள் ஆரஞ்சு உரித்துத் தின்ன வேண்டும்.

"கட்!" இயக்குநர் கிருபாகரன் மானிட்டரை விட்டு எழுந்து வந்தார். "ஏம்மா, பின்னால இருக்கிறவ சுவர் மாதிரி இருக்கணும். நீ ஒரு கொட்டையைத் துப்பினே, ரெண்டாவதை விரலால எடுத்தே, மூணாவதை முழுங்கிட்டு முழிச்சே. கிளம்பு! இந்தம்மாவை இனி அனுப்ப வேணாம்னு ஏஜென்ட்கிட்ட சொல்லுங்கப்பா."

ஏஜென்ட் கைவிட்டால் வேறு எந்தப் படத்துக்கும் கூப்பிட மாட்டார்கள். வேதநாயகி மெல்ல எழுந்தாள்.

"போறேன் சார். ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன். தம்பிக்கு முதல்ல எந்தக் கண்ணுல தண்ணி வந்துச்சு?"

கிருபாகரன் மானிட்டர் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

கதாநாயகன்தான் சிரித்துவிட்டான். "ரெண்டுலயும் வரல சார். இன்னொரு தடவை எடுக்கலாம். அவங்க இருக்கட்டும், அப்பதான் நானும் ஒழுங்கா நடிப்பேன்."



"உக்காருங்கம்மா," என்றார் இயக்குநர். பிறகு உதவியாளரிடம் திரும்பி, "அவங்களுக்கு இன்னொரு ஆரஞ்சு கொண்டு வாங்க."