காயாத மண்

காவிரிக் கரையில் இருந்த அந்த மடத்துக்கு யாரும் வெறுங்கையோடு வருவதில்லை. ஒருத்தர் அரிசி கொண்டு வருவார், இன்னொருத்தர் பூசணிக்காய் கொண்டு வருவார். உலகநாதன் கொண்டு வந்தது ஒரு துணிப்பை, ஒரு செல்போன், மூட்டை மூட்டையாகக் கவலை.

பழனிக்கு நடந்து போகிறவர்கள் சாப்பிட்டுப் படுத்துப் போகிற மடம் அது. சௌந்தரம்மா என்று ஒருவர் நடத்தி வந்தார். நாற்பத்தைந்து வயதுக்கு மேல் இருக்காது. உலகநாதனுக்கோ அறுபது தாண்டிவிட்டது. ரயில்வே கேட்டில் காவல் இருந்தே ஆயுளில் பாதியைக் கழித்தவர். ஆனாலும் "என்னைச் சீடனாச் சேத்துக்கங்கம்மா" என்று காலில் விழப் போனார். அந்த அம்மா சட்டென்று நகர்ந்துகொண்டார்.

"இடுப்புப் பிடிச்சுக்கும் ஐயா, நிமிருங்க" என்றார்.

வந்த நாள் முதல் மனுஷர் ஓர் இடத்தில் உட்காரவில்லை. அடுப்பு எரிந்தால் தீ பிடித்துவிடுமோ என்று பார்ப்பார். அணைந்தால் சோறு வேகாதோ என்று பார்ப்பார். மேகம் கூடினால் விறகு நனையுமே என்பார், கலைந்தால் கிணறு வற்றுமே என்பார். நடு நடுவே மோட்டார் கொட்டகைக்கு ஓடிப் போய் செல்போனைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடிப்பார். மடத்தில் அந்த ஒரு இடத்தில்தான் சிக்னல் கிடைக்கும்.

சமையல்கட்டில் இருந்த மாரக்கா சும்மா இருப்பாளா.

"பேரு பொருத்தமாத்தான் வச்சிருக்காங்க. உலகத்தையே தலையில வச்சுக்கிட்டுத் திரியுறாரு. கீழ இறக்கினா உருண்டு ஓடிப்போயிரும்னு பயம்" என்றாள்.

உலகநாதன் அதற்கும் கவலைப்பட்டார். தன்னால் மாரக்காவுக்குத் தொந்தரவோ என்று.

ஒரு நாள் காலை சௌந்தரம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். உலகநாதன் எதிரில் போய் நின்றார். உட்காரச் சொன்னதும் உட்கார்ந்தார், உடனே எழுந்தார்.

"அம்மா, ஒண்ணு கேக்கணும்."

"கேளுங்க."

"கவலையை எப்படிம்மா விடுறது?"

"எந்தக் கவலையை?"

எந்தக் கவலை என்று யாரும் அவரை இதுவரை கேட்டதில்லை. கவலைப்படாதே என்றுதான் சொல்லியிருக்கிறார்கள்.

"என் பொண்ணு தேன்மொழி, கரூர்ல இருக்கா. நிறைமாசம். தலைப்பிரசவம் தாய் வீட்டுல நடக்கணும். தாய்தான் இல்லையே. மாமியார் வீட்டுல வச்சுப் பாக்கறாங்க."

"எப்படிப் பாக்கறாங்க?"

"தங்கமாப் பாக்கறாங்க. குறை சொன்னா நாக்கு அழுகிடும்."

"அப்புறம்?"

"நானும் அங்கதான் இருந்தேன். அவ தும்மினா ஆஸ்பத்திரிக்குப் போலாம்பேன். படி இறங்கினா பின்னாடியே ஓடுவேன். ஒரு நாள் தூங்கிட்டு இருந்தா. மூச்சு வருதான்னு மூக்குக்கிட்ட விரலை வச்சுப் பாத்தேன். முழிச்சு அலறிட்டா."

சௌந்தரம்மா கீரையை விட்டுவிட்டு அவரைப் பார்த்தார்.

"'அப்பா, வலியை நினைச்சுக்கூட எனக்குப் பயம் இல்ல, உங்களைப் பாத்தாத்தான் பயமா இருக்கு'ன்னா. 'பதறாம இருக்கக் கத்துக்கிட்டு வாங்க, அப்பத்தான் பிள்ளையை உங்க கையில குடுப்பேன்'னு அனுப்பி வச்சுட்டா. பொய்க்குச் சொல்ற பொண்ணு இல்லம்மா அவ. சொன்னா சொன்னதுதான்."

சொல்லிவிட்டு அவர் போனை எடுத்துப் பார்த்தார். அங்கே சிக்னல் இல்லை என்று தெரிந்தும் பார்த்தார்.

சௌந்தரம்மா கையை உதறிக்கொண்டு எழுந்தார்.

"வாழைத்தார் வந்திருக்கு. வாங்க, பழுக்க மூட்டம் போடணும்."

இதுதான் பதிலா என்று உலகநாதனுக்குச் சுருக்கென்றது. ஆனாலும் பின்னால் போனார்.

மடத்தின் கொல்லையில் செங்கல் கட்டிய குழி ஒன்று இருந்தது. காய்த்தார்களை அதற்குள் நெருக்கி அடுக்கினார்கள். மேலே வாழைச் சருகைப் பரப்பினார்கள். ஓட்டைப் பானையில் தேங்காய் மட்டையும் வரட்டியும் போட்டுப் பற்றவைத்து, புகையைக் குழிக்குள் ஊதினார்கள். குழி நிறையப் புகை சேர்ந்ததும் பலகை போட்டு மூடி, இடுக்கில் எல்லாம் ஈர மண்ணைப் பூசினார்கள். இனி அந்தச் சூட்டிலும் புகையிலும் காய் தானாகப் பழுக்க வேண்டும்.

"கிருத்திகைக்குப் பஞ்சாமிர்தம் போடணும்" என்றார் சௌந்தரம்மா. "நடந்து வர்ற சனம் அதுக்குன்னே வரும். நாளன்னைக்குக் காலையில நான் வந்து திறப்பேன். அதுவரைக்கும் யாரும் திறக்கக் கூடாது. நீங்க காவல்."

"காவல்னா நான் என்ன செய்யணும்?"

"ஒண்ணும் செய்யக் கூடாது."

"அதுக்கு எதுக்கும்மா ஒரு ஆள்?"

அந்த அம்மா கையைக் கழுவப் போய்விட்டார்.

உலகநாதன் குழி அருகில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் நன்றாகத்தான் இருந்தது. பிறகு ஒரு நினைப்பு வந்தது. புகை போதாமல் இருந்தால்? அப்படியே இன்னொன்று வந்தது. புகை அதிகமாகிக் காய் வெந்துபோயிருந்தால்? உள்ளே எலி புகுந்திருந்தால்? பஞ்சாமிர்தம் கேட்டு சனம் வந்து நிற்கும்போது என்ன சொல்வது? ஒரு வாழைக்காயைக்கூடப் பார்த்துக்கொள்ளத் தெரியாத ஆள் கையில் யார் பச்சைக் குழந்தையைக் கொடுப்பார்கள்?

அவர் கை தானாகப் போனது. ஒரு மூலையில் மண்ணைச் சுரண்டிப் பலகையை விரல் அகலம் நகர்த்தினார். புகை குபுக்கென்று முகத்தில் அடித்தது. உள்ளே ஒன்றும் தெரியவில்லை. அவசர அவசரமாக மூடி, மண் குழைத்துப் பூசினார்.

பூசியது சரியாக ஒட்டியதா என்று அடுத்த கவலை பிடித்தது. அதைப் பார்க்கத் திரும்பவும் சுரண்டினார்.

சௌந்தரம்மா அந்த வழியாகத் தண்ணீர்க் குடத்தோடு போனார்.

"எப்படி இருக்கு ஐயா?"

"காவல் பாக்கறேம்மா."

அந்த அம்மா அவர் கையைப் பார்த்தார். முகத்தைப் பார்த்தார். போய்விட்டார்.

மறுநாளும் இதே கூத்துதான். குழிக்கும் மோட்டார் கொட்டகைக்கும் நடையாய் நடந்தார். கொட்டகையில் நின்றால் குழி நினைப்பு, குழியில் நின்றால் போன் நினைப்பு. ஒரு தடவை காய் ஒன்றை அமுக்கிப் பார்த்தார், கல்லு மாதிரி இருந்தது. போனைப் பார்த்தார், அதிலும் ஒன்றும் இல்லை. சாப்பிட உட்கார்ந்தவர் பாதிச் சோற்றில் எழுந்து ஓடினார். மாரக்கா இலையை எடுத்து மாட்டுக்குப் போட்டாள்.

மூன்றாம் நாள் காலை சௌந்தரம்மா வந்து பலகையைத் தூக்கினார். தார் அத்தனையும் பச்சை. ஒரு மூலையில் மட்டும் நாலைந்து காய் வெளுத்து, திட்டுத் திட்டாக நிறம் மாறியிருந்தது.

மாரக்கா தலையில் கை வைத்துக்கொண்டாள். உலகநாதன் குழி விளிம்பில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

"அம்மா, நான்தான் திறந்தேன்."

"தெரியும்."

"எப்படித் தெரியும்?"

"ரெண்டு நாளா உங்க கையில மண்ணு காயவே இல்லையே ஐயா."

அவர் கையைப் பார்த்துக்கொண்டார். நகக்கண்ணில் எல்லாம் ஈர மண். மறைக்க இடம் இல்லாமல் வேட்டியில் துடைத்தார்.

"தெரிஞ்சும் ஏன் தடுக்கலை?"

"ஒரு தடவை தடுக்கலாம். நான் போனதும் என்ன செய்வீங்க?"

"திறந்திருப்பேன்" என்றார் உலகநாதன். பொய் சொல்லும் தெம்பு அவரிடம் இல்லை. "நான் பாக்காம விட்டாத்தாம்மா எல்லாம் கெடுது."

"எது கெட்டது?"

அவர் மாரக்காவைப் பார்த்தார். மாரக்கா குறிப்பறிந்து உள்ளே போய்விட்டாள்.

"தேன்மொழியோட அம்மா ஆஸ்பத்திரியில படுத்திருந்தா. காய்ச்சல்தான், வேற ஒண்ணும் இல்ல. நான் கட்டில் பக்கத்துலயே ஸ்டூலைப் போட்டு உட்காந்திருந்தேன். ராப்பகலாக் கண்ணு மூடலை. அன்னைக்கு மத்தியானம் கொஞ்சம் அசந்துட்டேன். முழிச்சுப் பாத்தா..."

கையை விரித்தார்.

"கேட்ல நின்ன காலத்துல ஒரு நாளும் கண்ணு அசந்ததில்ல. அங்க போயி நான் தூங்கிட்டேம்மா."

சௌந்தரம்மா ஆறுதல் ஒன்றும் சொல்லவில்லை. விதி என்றோ, அவன் செயல் என்றோ சொல்லவில்லை. அவர் பக்கத்திலேயே குழி விளிம்பில் உட்கார்ந்திருந்தார். அப்புறம் எழுந்தார்.

"தேங்காய் மட்டை எடுத்துட்டு வாங்க. திரும்ப மூட்டம் போடுவோம்."

"கிருத்திகை?"

"அதுக்கு நாள் இருக்கு. உங்களைக் காவல் போட்டப்பவே இன்னொரு மூட்டத்துக்கான நாளையும் சேத்துத்தான் கணக்கு வச்சேன்."

உலகநாதனுக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. மட்டையை எடுத்து வந்தார். புகை ஊதினார்கள். பலகை போட்டார்கள். மண்ணை இந்தத் தடவை சௌந்தரம்மாவே பூசினார். பூசி முடித்துப் பலகை மேல் இரண்டு சாக்கை விரித்தார்.

"இப்ப யாரும்மா காவல்?"

"நீங்கதான்."

"வேண்டாம்மா. என் கை சும்மா இருக்காது."

"இது மேல படுங்க. நீங்க படுத்திருக்கிற வரைக்கும் யாராலயும் திறக்க முடியாது. உங்களாலயும்தான்."

இது நல்ல கூத்தாக இருக்கிறதே என்று நினைத்துக்கொண்டே உலகநாதன் சாக்கின் மேல் ஏறிப் படுத்தார். போன் சட்டைப் பையில் இருந்தது. எடுத்துப் பார்த்தார், சிக்னல் இல்லை. கொட்டகைக்குப் போக வேண்டுமானால் இறங்க வேண்டும். இறங்கினால் கை மண்ணுக்குப் போகும். இறங்காவிட்டால் கரூரில் என்ன ஆயிற்று என்று தெரியாது. இப்படிப் புரண்டார், அப்படிப் புரண்டார். பலகை முனகியது. ஒரு தரம் கால் ஒன்றைக் கீழே தொங்கவிட்டார். பச்சையாக நின்ற தார்கள் கண்ணுக்கு வந்தன. காலை மேலே இழுத்துக்கொண்டார்.

குழிக்குள் இருந்த சூடு பலகை வழியாக, சாக்கு வழியாக மெல்ல ஏறி வந்தது. முதுகுக்கு இதமாக இருந்தது. எத்தனை வருஷமாக விறைத்துக் கிடந்த முதுகோ. வேப்ப மரத்தில் காக்கை ஒன்று கரைந்தது. கரையட்டும் என்று தோன்றியது. அதற்கு மேல் ஒன்றும் தோன்றவில்லை.

கண் விழித்தபோது வெயில் சாய்ந்திருந்தது. தான் எங்கே இருக்கிறோம் என்றே அவருக்கு ஒரு நிமிஷம் புரியவில்லை. கையைப் பார்த்தார். புகை ஊதியபோது ஒட்டிய சாம்பலும் நகக்கண்ணில் காய்ந்த மண்ணும்தான் இருந்தன.

அப்புறம்தான் போன் நினைப்பு வந்து துள்ளி இறங்கினார். செருப்புக்கூடப் போடாமல் கொட்டகைக்கு ஓடினார். அங்கே போய் நின்றதும் போன் கிணிங் கிணிங் என்று விடாமல் அடித்தது. கூப்பிட்டோம், கூப்பிட்டோம் என்று மருமகன் அனுப்பிய செய்திகள். மூன்றாம் தரம்தான் எண்ணைச் சரியாக அழுத்தினார்.

தேன்மொழியே எடுத்தாள். குரல் சோர்ந்து இருந்தது.

"எங்கப்பா போனீங்க?"

"பாப்பா, உனக்கு என்ன? நல்லா இருக்கியா?"

"நல்லா இருக்கேன். பொண்ணு பிறந்திருக்குப்பா. மத்தியானம். வலி எடுத்ததுல இருந்து உங்களுக்கு அடிச்சுக்கிட்டே இருந்தோம், லைனே போகல. எங்க போனீங்க?"

உலகநாதன் கொட்டகைச் சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"தூங்கிட்டேன் பாப்பா."



"யாரு, நீங்களா? பகல்லயா?"

"ஆமா."

அவள் சிரித்தாள். சிரிப்பு நடுவிலேயே அழுகையாகிவிட்டது. அம்மா போன நாளில் இருந்து அப்பா பகலில் கண் மூடி அவள் பார்த்ததில்லை.

"அப்ப வாங்கப்பா" என்றாள். "நாளைக்கே வாங்க. உங்க கையில குடுக்கறேன்."

உலகநாதன் திரும்பி நடந்தார். கண்ணில் தண்ணீர் வழிந்தபடி இருந்தது, துடைக்கவில்லை. கொல்லை வழியாகத்தான் வந்தார். குழியைத் தாண்டும்போது அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்கவில்லை.

சௌந்தரம்மா சமையல்கட்டு வாசலில் முறத்தில் அரிசியைப் பரப்பிக் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். உலகநாதன் எதிரில் வந்து, யாரும் சொல்லாமலே உட்கார்ந்தார்.

"பேத்தி பிறந்திருக்கும்மா."

"சந்தோஷம் ஐயா. தாய் எப்படி இருக்கு?"

"நல்லா இருக்கா. நாளைக்கு வரச் சொல்லிட்டா. பிள்ளையைக் கையில குடுக்கறேன்னுட்டா."

சொல்லிவிட்டு அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"வலி வந்து, ஆஸ்பத்திரிக்குப் போயி, பிள்ளை பிறந்து, எல்லாம் நடந்து முடிஞ்சிருக்கு. அத்தனை நேரமும் நான் தூங்கிட்டேம்மா."

சௌந்தரம்மா முறத்தைக் கீழே வைத்தார். அவர் முகத்தைப் பார்த்துக் கேட்டார்.

"நல்லாத் தூங்குனீங்களா ஐயா?"