ஓடக்கரைப் பாலத்தின் கற்கள்

கொற்றங்குடித் தொகுதியின் கிழக்குக் கோடியில், சின்னாற்றுக்கு அந்தப் பக்கம், ஓடக்கரை என்றொரு ஊர் இருந்தது. அந்த ஊர்க்கரை மேட்டில் ஒரு கருங்கல் நின்றது. ஆற்றுக்குப் பாலம் வரும் என்று மண்வெட்டிக் கட்சியின் எம்.எல்.ஏ. நட்டுவிட்டுப் போன அடிக்கல்.

யார் எதைச் சொன்னாலும் நம்புகிற ரகம் அந்தக் கருங்கல். தன்மேல் பன்னீர் தெளித்த அன்றே, தலைக்குமேல் தூண் எழும்பப்போகிறது என்று விறைத்து நின்றது. விறைத்தபடி நிற்கும்போதே அடுத்த தேர்தல் வந்துவிட்டது.

அதில் சங்குக் கட்சி ஜெயித்தது. மண்வெட்டிக்காரன் வைத்த கல்லின்மேல் பாலம் கட்டினால் கட்சிக்குக் கௌரவக் குறைச்சல் என்று பக்கத்திலேயே ஒரு பளிங்குக் கல்லை நட்டார்கள்.

"நீ யாரோட ஆளு?" என்று பளிங்கு விசாரித்தது.

"பாலத்தோட ஆளு" என்றது கருங்கல்.

அப்படியொரு கட்சி இருப்பதாகப் பளிங்கு கேள்விப்பட்டதில்லை.

பிறகு சங்குக் கட்சி வலம்புரி, இடம்புரி என்று இரண்டாக உடைந்தது. வலம்புரி தங்க எழுத்தில் ஒரு கல் வைத்தது. இடம்புரி அதைவிட ஒரு சாண் உயரமாக ஒன்று வைத்தது. எந்தத் தலைவர் பெயர் பெரிது என்று பளிங்கும் தங்க எழுத்தும் நெட்டைக்கல்லும் ஓயாமல் வழக்காடின. தங்க எழுத்தை நட்ட எம்.எல்.ஏ. திடீரென்று மண்வெட்டிக்குத் தாவியபோது, யார் பக்கம் பேசுவது என்று தெரியாமல் அந்தக் கல் மட்டும் கொஞ்சநாள் வாயை மூடிக்கொண்டிருந்தது.

ஊரில் தைலம்மை என்று ஒருத்தி. அவள் புருஷன் வேம்பையன் தினமும் பால் கேனைத் தோளில் வைத்து ஆற்றைக் கடந்து சொசைட்டிக்குப் போவான். பாலம் தருகிறேன் என்ற கட்சிக்கெல்லாம் தைலம்மை முறைவைத்து ஓட்டுப் போட்டிருந்தாள். ஓர் ஐப்பசியில், நட்டாற்றுப் பள்ளத்தில் வேம்பையனின் கால் வழுக்கியது. கேன் கரையேறியது, அவன் ஏறவில்லை.

எல்லாக் கட்சிக்காரர்களும் மாலையோடு வந்தார்கள். அவரவர் கல்லில் கையை ஊன்றிக்கொண்டு அடுத்தவர் கல்லைக் காட்டிப் பேசினார்கள். கருங்கல்லுக்கு அன்று தன் மேலிருந்த எழுத்தெல்லாம் அரித்தது.

மாசியில் தண்ணீர் வடிந்தபின் தைலம்மை கடப்பாரையோடு மேட்டுக்கு வந்தாள். அவள் கொழுந்தன் சடையாண்டியும் ஊர்ப் பெண்களும் கூட வந்தார்கள்.

"என் மேல மந்திரி பேரு இருக்கு. தொட்டா கேஸாயிடும்" என்றது பளிங்கு.

"முதல்ல என்னை எடு தாயி" என்றது கருங்கல்.

தைலம்மை தயங்கினாள். "உன்னைப் பேர்த்துட்டா பாலம் வராதுன்னு சொல்லுவாங்களே."

"நின்னுக்கிட்டே இருந்தேனே, வந்துச்சா?"

அவள் கடப்பாரையை இறக்கினாள். கருங்கல்லுக்கு வலித்தது. ஆனாலும் அது முனகவில்லை. மற்ற மூன்றும் தலைவர்களின் பெயரைச் சொல்லி மிரட்டிக்கொண்டே பெயர்ந்து வந்தன.

நட்டாற்றுப் பள்ளத்தில் பாறாங்கற்களைக் கொட்டி, மேலே நான்கையும் படுக்கவைத்தார்கள். இன்னும் ஒரே ஒரு கல்லுக்கான இடம் மட்டும் மிச்சம் நின்றது. பெரிய மனிதர்கள் பெயராயிற்றே, எழுத்தைக் கீழ்ப்பக்கம் கவிழ்த்துவிடலாமா என்று சடையாண்டி கேட்டான்.

"மேலயே இருக்கட்டும் தம்பி. வெட்டின எழுத்துலதான் ஈரக்கால் வழுக்காது" என்றாள் தைலம்மை.

மறுநாள் பால் கேனோடு முதல் ஆளாக அவளே கடந்தாள். நட்ட நாளிலிருந்து காத்திருந்த கனம் அன்றுதான் கருங்கல்லின்மேல் இறங்கியது. தூணில்லை, ஒரு பொம்பளையின் பாதம். அதுவே போதும் என்று அதற்குத் தோன்றியது. பளிங்கு இரண்டு நாள் அவமானம் அவமானம் என்று புலம்பியது. மூன்றாம் நாள், இன்றைக்கு யாரும் விழவில்லையே என்று அதுவாகவே கேட்டது.

அடுத்த தேர்தலுக்கு ஒரு புது வேட்பாளர் வந்தார். ஆற்றைக் கல் கல்லாகத் தாண்டி, கல் போதாத ஓரிடத்தில் மட்டும் இடுப்பளவு நனைந்து, கும்பிட்ட கையோடு கரையேறினார். ஜெயித்தால் உடனே பாலம் என்றார். அடிக்கல் நட எந்த இடம் தோது என்று தைலம்மையைக் கேட்டார்.

அவள் அவருடைய ஈர வேட்டியைப் பார்த்தாள்.

"இப்ப நனைஞ்சீங்களே, அந்த இடந்தாங்க. எழுத்தை மட்டும் நல்லா ஆழமா வெட்டச் சொல்லுங்க."