சருகுக்குள்ள கேட்ட அம்மா குரல்

விழுந்து விழுந்து சிரிக்கிற கதை ஒண்ணு சொல்றேன், படு. ஆனா சிரிப்பு இப்ப வராது, கடைசிலதான். அதுவரைக்கும் ம் கொட்டணும். சரியா?

ஒரு ஊர்ல ஒரு... ஊர்லகூட இல்ல, ஊருக்கு வெளிய ஒரு முள்ளுக்காடு. அங்க ஒரு உசில மரம், மரத்தடியில மெத்தை மாதிரி சருகு. அந்தச் சருகு மேல ஒரு கரப்பான்பூச்சி. ஐயேன்னு சொல்லாத! நம்ம சமையக்கட்டுல ஓடுதே, அது இல்ல. இது காட்டுக் கரப்பான், ஜென்மத்துல வீட்டுப் பக்கம் வராது. கன்னங்கரேல்னு மினுங்கும். முதுகுல வெள்ளை வெள்ளையா ஏழு பொட்டு. பேரே ஏழுபொட்டுதான்.

அவ சரியான வாலு. கேட்ட குரலை எல்லாம் பேசிக் காட்டுவா. தேரை மாதிரி, "க்ராக்! எவன்டா அவன் என் வாசல்ல?"ம்பா, எறும்பெல்லாம் விழுந்தடிச்சு ஓடும். ஆந்தை மாதிரி, "ஊஊ... எங்கடா கிளம்பிட்ட?"ம்பா, சுண்டெலிக்கு மூத்திரமே போயிடும். அப்புறம் அந்தக் காட்டுல ஒரு கறுப்பு வண்டு இருக்கு, அதுக்கும் வெள்ளைப் பொட்டு. கிட்டப் போனா எரியற தண்ணிய மூஞ்சியில பீச்சி அடிக்கும். ஏழுபொட்டுகிட்ட அது ஒரு சொட்டு கிடையாது. ஆனா அதே மாதிரி காலை ஊனி நின்னு "புஸ்ஸ்ஸ்!"ம்பா. ஓணானே ஒதுங்கிப் போயிடும்.

ம் சொல்லு. ஆங்.

அவளுக்கு ஒரு தம்பி, பொடியன். ரெண்டு பேரும் ஒரே முட்டைப்பைல பொறந்தவங்க. அந்த ஜாதிப் பூச்சில அம்மா முட்டைப்பைய மண்ணுல போட்டுட்டுப் போயிடுவா. குஞ்சு வெளிய வர்றப்ப அவ இருக்க மாட்டா. குஞ்சுங்க மண்ணுக்குள்ளயே மக்கின இலையத் தின்னு, தோலை உரிச்சு உரிச்சு வளரும். கடைசித் தோல் உரிஞ்சாத்தான் றெக்கை, பொட்டு எல்லாம். ஏழுபொட்டு முந்திக்கிட்டு மேல வந்துட்டா. பொடியன் இன்னும் கீழதான், மண்ணு நிறத்துல.

ஒரு நாள் மழை விட்ட சாயங்காலம். அவளுக்குப் பொழுது போகல. பாக்காத அம்மாவுக்கு அவளா ஒரு குரல் கட்டிக்கிட்டா. சருகுல வாய வெச்சு, குழைஞ்சு குழைஞ்சு, "கண்ணூ... அம்மா வந்திருக்கேன்டா"ன்னா. கீழ பொடியன் "ஆ"ன்னதும் "ஏமாந்தியா!"ன்னு கத்தணும். அதான் திட்டம்.

கீழ மண்ணு அசைஞ்சுது. அப்புறம் மெதுவா சரசரசர.

"அம்மா, நீ வருவேன்னு எனக்குத் தெரியும். நல்ல இலை கிடைச்சப்பல்லாம் பாதி உனக்கு எடுத்து வெச்சேன்."

"ஏமாந்தியா" அவ தொண்டைக்குள்ளயே உக்காந்துக்கிச்சு.

"மேல வரவாம்மா?"

"வேணாம் கண்ணு, தோல் உரியட்டும்." நாளைக்குச் சொல்லிக்கலாம்னு நினைச்சா.

அப்புறம் ஒரு நாள் கீழ கறக் கறக்னு தோல் உரியுது. "இப்ப வரவாம்மா?"

"இன்னும் கொஞ்சம் பொறு கண்ணு." அன்னிக்கும் சொல்லல.

மூணாம் தரம் அவன் மேல வரவான்னு கேக்கல. "அம்மா, அக்காதான் என்னை மறந்துட்டா. முன்னெல்லாம் புஸ்ஸுன்னு பயமுறுத்துவா. இப்ப பேசவே மாட்டேங்கறா. நீ பாத்தா வரச் சொல்றியா?"

நான் இங்கதான்டா இருக்கேன்னு சொல்ல வாயைத் தொறந்தா. வந்தது, "சொல்றேன் கண்ணு." எத்தனை குரல் வெச்சிருந்தா! சொந்தக் குரலைத் தேடித் தேடிப் பாக்கறா, அது மட்டும் கிடைக்கல.

சிரிப்பு எங்கங்கிறியா? வருது, வருது. ம் சொல்லு.

அவ றெக்கை ஓரம் கிழிய ஆரம்பிச்சிடுச்சு. அந்தக் கரப்பானுக்கு மண்ணுக்குள்ளதான் நெடுங்காலம், பொட்டு வந்தப்புறம் கொஞ்ச நாள்தான். சொல்லாமலே போயிட்டா? பொடியன் மேல வந்து, அம்மா அம்மான்னு காடெல்லாம் தேடுவானே?

அப்போ ஒரு நாள், வெயில் சாயற நேரம், மண்ணு பொலபொலன்னு விரிஞ்சுது. பொடியன்! அப்பத்தான் கடைசித் தோல் உரிஞ்சு, வெள்ளை வெளேர்னு, கசங்கின றெக்கையோட நிக்கறான். பொட்டுகூடத் தெரியல. வாயில பாதி இலை.

அதே நேரம் தடதடதடன்னு ஓணான். பொடியனால ஓட முடியாது, உடம்பு இன்னும் மெத்து மெத்துன்னு இருக்கு.

"அசையாத கண்ணு!" அம்மா குரல்லயே கத்திக்கிட்டு ஏழுபொட்டு குறுக்க பாஞ்சா. கிழிஞ்ச றெக்கைய விரிச்சா, காலை ஊனினா, "புஸ்ஸ்ஸ்ஸ்!"

ஓணான் கண்ணை இறுக்க மூடிக்கிட்டுத் திரும்பி ஒரே ஓட்டம்.

பொடியன் அவளையே பாத்தான். கண்ணுன்னு கூப்பிட்டதும் அந்த வாய்தான். புஸ்ஸுன்னதும் அந்த வாய்தான். இலை நழுவிக் கீழ விழுந்துச்சு.

"ஏமாந்தியா"ன்னா ஏழுபொட்டு. அவளோட சொந்தக் குரல்தான். சின்னதா, உடைஞ்சு போய் வந்துச்சு.

"அக்கா..."ன்னான் பொடியன். "அப்ப, அம்மா வரவே இல்லியா?"

சிரிப்பா? நீயும் ஏமாந்தியா. இலை விழுந்துச்சு, கதை சாஞ்சிடுச்சு, நீயும் இப்படி என் மேல சாஞ்சு தூங்கு.